ஆர்டர் கையில் இருக்கிறது, ஆபீசில் வேலை நடக்கவில்லை: வேலூர்ப் பக்கத்தாருக்கு நீதிமன்ற அவமதிப்பு மனு வழிகாட்டி

ரிட், அதாவது அரசு அதிகாரியை எதிர்த்து ஹைகோர்ட்டில் போடும் மனு, போட்டு ஜெயித்தாயிற்று. உத்தரவும் வந்தாயிற்று. எட்டு வாரம், பத்து வாரம் ஓடிய பிறகும் தாலுகா ஆபீசில் "ஃபைல் மேலே போயிருக்கு, வந்ததும் சொல்றோம்" என்பதுதான் பதில் என்றால், அடுத்து எல்லோர் வாயிலும் வரும் வார்த்தை கன்டெம்ப்ட். நீதிமன்ற அவமதிப்பு மனு. போடலாம். ஆனால் போட்ட மனுக்களில் எத்தனையோ, எதிர்த்தரப்பு வாய் திறப்பதற்கு முன்பே ஒரு சீல் இல்லாமலும் ஒரு தேதி தப்பியும் படுத்துவிடுகின்றன.

1971ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 2(பி) பிரிவு கேட்பது ஒன்றுதான்: உத்தரவை அல்லது நீதிமன்றத்துக்குக் கொடுத்த உறுதிமொழியை எதிர்த்தரப்பில் இருப்பவர் வேண்டுமென்றே மீறினாரா? "உத்தரவு எனக்கு வரவே இல்லை", "நான் அப்போது அந்தப் பதவியில் இல்லை", "கெடு இன்னும் முடியவில்லை" என்று மூன்று பதில்கள் எதிர்த்தரப்பின் சட்டைப் பையில் தயாராக இருக்கும். கீழே உள்ள படிகள் எல்லாமே அந்த மூன்றையும் முன்கூட்டியே அடைப்பதற்குத்தான்.

## 1. உத்தரவின் கடைசிப் பத்தியைப் பென்சிலோடு படியுங்கள்

பத்துப் பக்க உத்தரவில் உங்களுக்கு வேலை இருப்பது பெரும்பாலும் கடைசி ஒரு பத்தியில். யார், என்ன செய்ய வேண்டும், எத்தனை நாளில், அந்த நாள் எப்போதிலிருந்து தொடங்குகிறது என்ற நாலையும் அடிக்கோடு போடுங்கள்.

ரிட் உத்தரவுகளில் அடிக்கடி வருவது இந்த மாதிரி வாசகம்: மனுதாரரின் மனுவைச் சட்டப்படி பரிசீலித்து, இந்த உத்தரவின் நகல் கிடைத்த நாளிலிருந்து எட்டு வாரத்துக்குள் தகுந்த ஆணை பிறப்பிக்க வேண்டும். இதைக் கையில் வைத்துக்கொண்டு "எனக்குப் பட்டா கொடுக்கச் சொல்லி கோர்ட் உத்தரவு" என்று சொல்லிக்கொண்டிருப்பவர்கள் ஏராளம். கோர்ட் பட்டா கொடுக்கச் சொல்லவில்லை, முடிவெடுக்கச் சொல்லியிருக்கிறது. வட்டாட்சியர் ஏழாவது வாரத்தில் "நிராகரிக்கப்பட்டது" என்று காரணத்தோடு எழுதிக் கொடுத்தால் உத்தரவு நிறைவேறிவிட்டது. அந்த நிராகரிப்பு தப்பென்றால் அதை எதிர்த்து மேல்முறையீடோ புதிய ரிட்டோதான். அவமதிப்பு மனுவில் அதைப் பேச முடியாது. உச்ச நீதிமன்றம் 1996இல் ஜே.எஸ். பரிகார் வழக்கில் இதைத் தெளிவாகச் சொல்லியிருக்கிறது.

"பாக்கித் தொகையை 12 வாரத்தில் கொடு", "ஆக்கிரமிப்பை அகற்று" என்று நேராகச் சொல்லும் உத்தரவு என்றால் உங்கள் கை ஓங்கியிருக்கிறது.

இன்னொன்றையும் பாருங்கள், பலர் தவற விடுவது இதைத்தான்: உத்தரவில் உங்களுக்கு ஏதாவது வேலை இருக்கிறதா? "மனுதாரர் இரண்டு வாரத்துக்குள் புதிதாக மனு கொடுக்க வேண்டும், அதன்மேல்...", "அளவைக் கட்டணம் செலுத்தியபின்..." என்று இருந்தால், அதை நீங்கள் செய்யாதவரை எதிர்த்தரப்புக்குக் கெடுவே தொடங்காது. சலான் கட்டிய ரசீதும் மனு கொடுத்த சீலும் இல்லாமல் அடுத்த படிக்குப் போகாதீர்கள்.

கெடுவே சொல்லாத உத்தரவு என்றால், அதே கோர்ட்டில் கெடு நிர்ணயிக்கச் சொல்லி ஒரு மனு போடுவது நல்லது.

## 2. இது அவமதிப்பு மனுவுக்கு உரிய விஷயம்தானா?

எல்லா மீறலுக்கும் ஹைகோர்ட் படி ஏற வேண்டியதில்லை. ஏறினாலும், "கீழே வழி இருக்கிறதே, அங்கே போங்கள்" என்று திருப்பி விடுவார்கள்.

முன்சீப் கோர்ட், சார்பு நீதிமன்றம் கொடுத்த இடைக்கால உறுத்துக்கட்டளையை (ஒன்றைச் செய்யாதே என்று கோர்ட் போடும் தடை) பக்கத்து நிலத்துக்காரர் மீறுகிறார் என்றால், அதே கோர்ட்டில் உரிமையியல் நடைமுறைச் சட்டம் ஆணை 39, விதி 2-ஏ. சொத்தை ஓராண்டு வரை ஜப்தி செய்யலாம், மூன்று மாதம் வரை சிவில் சிறையில் வைக்கலாம். மீறலை நிரூபிக்கத் தேதியோடு போட்டோ, முடிந்தால் கோர்ட் நியமிக்கும் அட்வகேட் கமிஷனரின் அறிக்கை வேண்டும். "வேலி போட்டுவிட்டான்" என்ற வாய்ச்சொல் போதாது.

தீர்ப்பாணை (டிக்ரி) ஆகிவிட்ட வழக்கு என்றால் நிறைவேற்று மனு. பேச்சு வழக்கில் இ.பி. உறுத்துக்கட்டளைத் தீர்ப்பாணைக்கு ஆணை 21, விதி 32. பணம், சுவாதீனம் போன்றவற்றுக்கு 12 ஆண்டு கெடு. "இடித்துக் கொடு", "வழியைத் திறந்துவிடு" என்பது போன்ற செயலுறுத்துக்கட்டளைக்கு மூன்றே ஆண்டு. நிரந்தரத் தடைக்குக் கெடு இல்லை. இந்த மூன்று ஆண்டை விட்டுவிட்டு வந்து நிற்பவர்களுக்கு யாரும் ஒன்றும் செய்ய முடிவதில்லை.

ஜீவனாம்சப் பாக்கி என்றால், ஆணை கொடுத்த குடும்ப நீதிமன்றத்திலோ மாஜிஸ்திரேட் கோர்ட்டிலோ வசூல் மனு. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125ஆம் பிரிவு இப்போது பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் 144. பாக்கி விழுந்த ஒரு வருஷத்துக்குள் மனு போட்டால்தான் வாரண்டு முறையில் வசூலிக்க முடியும். ஆகவே பதினோரு மாதம் பொறுத்துப் பார்க்காதீர்கள்.

நுகர்வோர் ஆணையத்தின் உத்தரவுக்கு 2019ஆம் ஆண்டு சட்டத்தின் 71, 72 பிரிவுகள். 72இல் ஒரு மாதம் முதல் மூன்று ஆண்டு வரை சிறை, அல்லது 25,000 முதல் ஒரு லட்சம் வரை அபராதம், அல்லது இரண்டும். அவமதிப்புச் சட்டத்தில் இருக்கும் தண்டனையைவிட இது கனம்.

கோட்டாட்சியர், மாவட்ட வருவாய் அலுவலர் போட்ட ஆணையை தாசில்தார் அமல்படுத்தவில்லையா? பட்டா வழக்குகளில் இது தினசரிக் கதை. அது நீதிமன்ற உத்தரவே அல்ல, எனவே அவமதிப்பு வராது. அமல்படுத்தச் சொல்லி முதலில் ரிட் போட்டு உத்தரவு வாங்க வேண்டும்.

மிச்சம் இருப்பதுதான் இந்தக் கட்டுரையின் விஷயம்: ஹைகோர்ட் ரிட்டில் போட்ட உத்தரவை அதிகாரியோ நிர்வாகமோ மதிக்காமல் இருப்பது. வேலூர், ராணிப்பேட்டை, திருப்பத்தூர், திருவண்ணாமலை நாலும் சென்னை முதன்மை அமர்வுக்குக் கீழ்தான் வருகின்றன. மதுரைக் கிளையில் போட முடியாது.

## 3. நகல் எடுங்கள், கொடுத்ததற்குச் சாட்சி வையுங்கள்

உத்தரவு வந்த அன்றே ஹைகோர்ட் இணையதளத்திலிருந்து பிரதியை இறக்கிவைத்துக்கொள்ளுங்கள். ஆனால் அதை ஆபீசில் நீட்டினால் "சர்டிபைடு காப்பி வரட்டும்" என்பார்கள். வக்கீல் மூலம் சான்றிட்ட நகலுக்கு உடனே விண்ணப்பம் போடச் சொல்லுங்கள். "போட்டாச்சு" என்று குமாஸ்தா சொன்னால் விண்ணப்ப எண்ணைக் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். மாதக்கணக்கில் இழுக்கும் வழக்குகளில் பாதி, விண்ணப்பமே போடாமல் கிடந்தவை.

சான்றிட்ட நகல் கைக்கு வந்ததும் அதைக் கலெக்டர் ஆபீசில் கொடுத்துவிடாதீர்கள். நல்ல ஜெராக்ஸ் எடுத்து, வக்கீலிடம் "உண்மை நகல்" என்று கையெழுத்து வாங்கி, அதைக் கொடுங்கள். அசல் உங்கள் அவமதிப்பு மனுவோடு போக வேண்டியது. கொடுத்துவிட்டு மறுபடி விண்ணப்பம் போட்டால் வாரங்கள் வீணாகும்.

கொடுக்கும்போது மேலே ஒரு பக்கக் கடிதம் வையுங்கள்: ரிட் எண், உத்தரவுத் தேதி, கடைசிப் பத்தி வார்த்தை மாறாமல், "நகல் இத்துடன் உள்ளது, இந்த நாளிலிருந்து எட்டு வாரம்". இந்தக் கடிதத்தை ஒவ்வொரு எதிர்மனுதாரருக்கும் தனித்தனியாக அனுப்ப வேண்டும். கலெக்டருக்குக் கொடுத்தால் தாசில்தாருக்கு அவர் அனுப்புவார் என்று நம்பி விட்டுவிடாதீர்கள்.

இரண்டு வழியிலும் கொடுங்கள்.

நேரில் கொடுப்பதென்றால் தபால் பிரிவில். உங்கள் பிரதியில் சீல் குத்துவார்கள். அந்தச் சீலைக் கவுண்டரை விட்டு நகர்வதற்கு முன் வெளிச்சத்தில் பாருங்கள். மை காய்ந்த பேடில் குத்திய சீலில் அலுவலகப் பெயர் பாதி தெரியும், தேதி இருக்கும் இடத்தில் ஊதாக் கறை மட்டும் இருக்கும். ஆறு மாதம் கழித்து ஹைகோர்ட்டில் அந்தப் பக்கம் ஸ்கேன் ஆகி வரும்போது கறைகூடத் தெரியாது. "சார், தேதி சரியா விழலை, பேனாவால எழுதி இனிஷியல் போட்டுக் கொடுங்க" என்று கேளுங்கள், போட்டுத் தருவார்கள். உத்தரவின் கடைசிப் பக்கத்தில் வாங்காமல் உங்கள் கடிதத்தின் முதல் பக்கத்தில் சீல் வாங்குங்கள். எதைக் கொடுத்தீர்கள் என்பது அப்போதுதான் தெரியும்.

சத்துவாச்சாரி கலெக்டர் ஆபீசில் திங்கட்கிழமை குறைதீர்வுக் கூட்டத்தில் கொண்டுபோய் உத்தரவைக் கொடுப்பது நல்லதல்ல. நூற்றுக்கணக்கான மனுக்களோடு அதுவும் ஒரு மனு எண் வாங்கி, தாலுகாவுக்குப் போய், "மனுதாரரின் கோரிக்கை பரிசீலனையில் உள்ளது" என்ற பதிலாகத் திரும்பி வரும். கோர்ட் உத்தரவு என்பதே கோப்பில் மறைந்துவிடும். செவ்வாய்க்கிழமை தபால் பிரிவுக்குப் போங்கள்.

தபாலில் என்றால், பழைய பதிவுத் தபால் 2025இல் ஸ்பீட் போஸ்ட்டோடு இணைக்கப்பட்டுவிட்டது. கவுண்டரில் ஸ்பீட் போஸ்ட் என்று மட்டும் சொல்லிவிட்டு வராமல், பெறுநர் கையிலேயே சேரும் பதிவுச் சேவையும் சேர்ப்புச் சான்றும் வேண்டும் என்று கேட்டுச் சேர்த்துக்கொள்ளுங்கள். ரசீது எண்ணை வைத்து இணையத்தில் 'சேர்க்கப்பட்டது' என்று காட்டும் பக்கத்தை உடனே பிரிண்ட் எடுத்துவையுங்கள். பிறகு தேடினால் பழைய விவரம் கிடைக்காமல் போகலாம். தபால் ரசீது வெயிலில் மங்கிவிடும் தாள், அதையும் அன்றைக்கே ஜெராக்ஸ் போடுங்கள்.

## 4. நாட்கணக்கு

ஒரு உதாரணம். தாசில்தார் ஆபீசில் மார்ச் 10இல் சீல். கெடு எட்டு வாரம். மார்ச் 10ஐ விட்டுவிட்டு எண்ணினால் 56ஆவது நாள் மே 5. எட்டு வாரத்தை இரண்டு மாதம் என்று எடுத்து மே 10 என்று எழுதினாலும் தப்பு; அதைவிட மோசம், ஏப்ரல் கடைசியிலேயே அவசரப்பட்டு மனு போடுவது. கெடு முடிவதற்கு முன் போட்ட மனு நிற்காது.

மீறல் தொடங்குவது மே 6. அந்த நாளிலிருந்து ஓர் ஆண்டுதான் அவமதிப்பு மனுவுக்குக் காலம். சட்டத்தின் 20ஆம் பிரிவு. உச்ச நீதிமன்றம் 2001இல் பல்லவ் சேத் வழக்கில் சொன்னபடி, ஓராண்டுக்குள் மனுவைத் தாக்கல் செய்துவிட்டால் போதும், கோர்ட் அதற்குள் நோட்டீஸ் போட்டிருக்க வேண்டும் என்பதில்லை. "இன்றுவரை செய்யவில்லையே, அப்படியானால் தொடர்ந்து நடக்கும் மீறல்தானே" என்ற வாதத்தை நம்பி மூன்று வருஷம் கழித்துப் போகாதீர்கள். அது அபூர்வமாகத்தான் எடுபடும்.

நடைமுறையில் எப்போது போடுவது? கெடு முடிந்து ஒரு மாதம் முதல் நாலு மாதத்துக்குள் போடுவதே சரி என்பது எங்கள் கணிப்பு. பத்தாவது மாதம் வரை இழுத்தால், ரெஜிஸ்ட்ரி, அதாவது மனுக்களைச் சரிபார்க்கும் ஹைகோர்ட் அலுவலகம், குறை சொல்லித் திருப்பும்போது சரிசெய்ய நேரம் இருக்காது. நடுவில் மே மாதக் கோடை விடுமுறையும் வரும்.

## 5. அப்பீல் போயிருக்கிறார்களா என்று பாருங்கள்

உங்கள் உத்தரவுக்கு எதிராக ரிட் அப்பீல் போட 30 நாள் கெடு. அரசுத் தரப்பு பெரும்பாலும் அந்தக் கெடுவில் போடாது. நீங்கள் அவமதிப்பு மனு போட்ட பிறகுதான் தாமத மன்னிப்பு மனுவோடு வரும். அதனால் மனு போடுவதற்கு முன்பும் ஒவ்வொரு வாய்தாவுக்கு முன்பும் ஹைகோர்ட் தளத்தில் வழக்கு நிலையைப் பாருங்கள்.

அப்பீல் போட்டதாலேயே உத்தரவு நின்றுவிடாது. தடையாணை, அதாவது ஸ்டே, இருக்க வேண்டும். "அப்பீல் போட்டிருக்கோம்" என்று ஆபீசில் சொன்னால் எண்ணைக் கேளுங்கள்; எண் இருந்தால் ஸ்டே இருக்கிறதா என்று பாருங்கள். ஆனால் ஸ்டே மனு நிலுவையில் இருந்தால், அவமதிப்பை விசாரிக்கும் நீதிபதி அதன் முடிவுக்குக் காத்திருப்பது வழக்கம். அதற்கு முன்பே உங்கள் தரப்பைக் கேட்காமல் ஸ்டே கிடைத்துவிடாதபடி கேவியட் போட்டுவைக்கலாம். அது 90 நாள்தான் உயிரோடு இருக்கும், முடிந்ததும் புதுப்பிக்க வேண்டும். இதை வக்கீல் டைரியை நம்பி விடாமல் உங்கள் வீட்டுக் காலண்டரிலும் வட்டம் போடுங்கள்.

## 6. யார் பேரில் போடுவது? இங்கேதான் வேலூர்க்காரர்கள் சறுக்குகிறார்கள்

ரிட்டில் எதிர்மனுதாரர் 'மாவட்ட ஆட்சியர்' என்ற பதவி. அவமதிப்பில் எதிர்மனுதாரர் ஆள். பெயரும் பதவியும் இரண்டும் வேண்டும். காரணம், பதவி வேண்டுமென்றே எதையும் மீறாது. உட்கார்ந்திருந்த ஆள்தான் மீறுவார்.

எட்டு வாரத்துக்குள் தாசில்தார் மாறிவிட்டால்? நகல் வாங்கிய நாளில் இருந்தவர் யார், கெடு முடிந்த நாளில் இருந்தவர் யார், இப்போது இருப்பவர் யார் என்று தேதியோடு தெரிய வேண்டும். போர்டில் எழுதியிருக்கும் பெயர்ப் பட்டியலைப் போட்டோ எடுத்து வருவது போதாது. தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் மனு போடுங்கள். கட்டணம் 10 ரூபாய், கோர்ட் ஃபீ ஸ்டாம்பாக ஒட்டலாம். 30 நாளில் பதில் தர வேண்டும், நகலுக்குப் பக்கத்துக்கு 2 ரூபாய். கேட்க வேண்டியவை:

- இந்தத் தேதி முதல் இந்தத் தேதி வரை அந்தப் பதவியில் இருந்த அலுவலர்களின் பெயரும், பொறுப்பேற்ற, விடுவிக்கப்பட்ட தேதிகளும்
- இந்த ரிட் உத்தரவு அலுவலகத்தில் பெறப்பட்ட தேதியும் கோப்பு எண்ணும்
- உத்தரவின் மேல் எழுதப்பட்ட குறிப்புக் கோப்பின் நகல்

மூன்றாவதில்தான் பலன் இருக்கிறது. "அரசு வக்கீலிடம் கருத்து கேட்கலாம்" என்று ஒருவர் எழுதி, அதன்மேல் நாலு மாதம் யாரும் ஒன்றும் எழுதாமல் கிடந்தது அந்தப் பக்கத்தில் தெரியும். கோர்ட்டில் அதைவிட நல்ல சாட்சி கிடைக்காது. இந்த மனுவைக் கெடு முடிந்த மறுநாளே போட்டுவிடுங்கள்.

புதிதாக வந்தவருக்குப் புது ஜெராக்ஸ், புதுக் கடிதம், புது சீல். "எனக்குத் தெரியாது" என்பதற்கு அப்போது இடமிருக்காது.

அடுத்தது மாவட்டப் பிரிவினை. 2019 நவம்பரில் ராணிப்பேட்டையும் திருப்பத்தூரும் தனி மாவட்டங்களாயின. அதற்கு முன் போட்ட ரிட்டில் எதிர்மனுதாரர் 'வேலூர் மாவட்ட ஆட்சியர்'. நிலம் ஆம்பூரிலோ வாணியம்பாடியிலோ இருந்தால் இப்போது கோப்பு திருப்பத்தூரில். ஆற்காடு, வாலாஜா, அரக்கோணம், நெமிலி என்றால் ராணிப்பேட்டையில். வேலூர் ஆட்சியருக்கு நகல் கொடுத்துவிட்டுக் காத்திருந்தால், "எங்கள் எல்லையில் இல்லை" என்று ஒரு கடிதம் வரும், அவ்வளவுதான். ராணிப்பேட்டைக்காரரோ "நான் வழக்கிலேயே தரப்பினர் இல்லையே" என்பார். இரண்டு பேர் சொல்வதும் சட்டப்படி தப்பில்லை, மாட்டிக்கொள்வது நீங்கள். முதலில் அதே ரிட்டில் ஒரு மனு போட்டுப் புதிய மாவட்டத்தின் அலுவலரைச் சேர்த்து, உத்தரவு அவரைக் கட்டுப்படுத்தும் என்று தெளிவுபடுத்தி வாங்குங்கள். அதன் நகலைச் சேர்த்து, அங்கிருந்து கெடுவை எண்ணி, பிறகு அவமதிப்புக்குப் போங்கள். தாலுகாக்கள் பிரிந்த இடங்களிலும் இதே கதைதான். கே.வி.குப்பம், பேரணாம்பட்டு பக்கத்தார் கோப்பு எந்தத் தாலுகா ஆபீசில் இருக்கிறது என்று முதலில் கேட்டுக்கொள்ளுங்கள்.

இன்னொரு ஆசையையும் அடக்க வேண்டும்: தலைமைச் செயலாளரில் தொடங்கி கிராம நிர்வாக அலுவலர் வரை எல்லோரையும் இழுப்பது. உத்தரவு யாரைப் பார்த்துச் சொன்னதோ அவர் மட்டும் போதும். கூட்டம் கூடினால் ஒவ்வொருவருக்கும் நோட்டீஸ் சேர்ப்பதிலேயே மாதங்கள் போய்விடும்.

## 7. கடைசி நோட்டீஸ்

அவமதிப்பு மனுவுக்கு முன் வக்கீல் நோட்டீஸ் கட்டாயம் என்று சட்டத்தில் இல்லை. இருந்தாலும் அனுப்புங்கள். "ஞாபகப்படுத்தியும் செய்யவில்லை" என்று காட்டினால் 'வேண்டுமென்றே' என்பது பாதி நிரூபணமாகிவிடும். 15 நாள் கொடுங்கள். நடைமுறையில் கணிசமான வேலை இந்த நோட்டீசிலேயே முடிந்துவிடுகிறது.

இரண்டு பக்கத்துக்கு மேல் வேண்டாம். பெயர் சொல்லி எழுதுங்கள். திட்டாதீர்கள், லஞ்சக் குற்றச்சாட்டைக் கலக்காதீர்கள். நோட்டீசை முகநூலில் போட்டு நீதிபதியையோ கோர்ட்டையோ பற்றிக் கமெண்ட் அடித்தால், அவமதிப்பு வழக்கில் நீங்களே எதிர்மனுதாரர் ஆகிவிடுவீர்கள்.

## 8. மனுக்கட்டும் செலவும்

கட்டில் இருக்க வேண்டியவை: மனு, பிரமாணப் பத்திரம், வக்காலத்து, உத்தரவின் சான்றிட்ட நகல், முதல் கடிதம் சீலோடு, தபால் ரசீதும் சேர்ப்புச் சான்றும், தகவல் உரிமைப் பதில், வக்கீல் நோட்டீசும் அது சேர்ந்த சான்றும். உத்தரவில் உங்களுக்கு நிபந்தனை இருந்தால் அதை நிறைவேற்றிய ரசீதும். தமிழில் உள்ளவற்றுக்கு ஆங்கில மொழிபெயர்ப்பும் வேண்டும். 'பட்டா', 'சிட்டா' என்று ஒற்றைத் தாளாக இருந்தாலும் சரி.

பிரமாணப் பத்திரத்தில் ஒரு தேதிப் பட்டியல் போடச் சொல்லுங்கள். உத்தரவு, நகல், சேர்ப்பு, கெடு முடிவு, நோட்டீஸ், ஓராண்டு முடியும் நாள். நீதிபதி முதலில் பார்ப்பது அதைத்தான். ரிட்டில் கேட்டுக் கிடைக்காத நிவாரணத்தை இதில் சொருகாதீர்கள். மூல உத்தரவுக்கு மேலே ஒரு அடிகூட அவமதிப்பு மனுவில் போக முடியாது என்று உச்ச நீதிமன்றம் 2014இல் சுதிர் வாசுதேவா வழக்கில் சொல்லிவிட்டது.

கோர்ட் கட்டணம் சொற்பம். செலவு முழுக்க வக்கீல் ஃபீஸ், டைப்பிங், மொழிபெயர்ப்பு, அலைச்சல் ஆகியவற்றில்தான். ஃபீஸை மொத்தமாகப் பேசாமல் நோட்டீஸ், தாக்கல், வாய்தா, முடிவு என்று பிரித்துப் பேசி, ஒரு தாளில் எழுதி வாங்குங்கள். ரிட் போட்ட வக்கீலே அவமதிப்பையும் நடத்தினால் கட்டு தேடும் செலவு மிச்சம்.

பெண்கள், பட்டியல் சாதி, பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள், குறைந்த வருமானத்தார் சட்ட உதவிக்குத் தகுதி உள்ளவர்கள். சத்துவாச்சாரி நீதிமன்ற வளாகத்தில் உள்ள மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் கேட்டால் ஹைகோர்ட் சட்டப்பணிகள் குழுவுக்கு அனுப்புவார்கள். 15100க்கும் அழைக்கலாம்.

## 9. நம்பர் விழுந்த பிறகு

தாக்கல் செய்ததும் ரெஜிஸ்ட்ரி பரிசீலிக்கும். குறை இருந்தால் 'ரிட்டர்ன்' ஆகும். பெயர் இல்லை, நகல் தெளிவாக இல்லை, சேர்ப்புச் சான்று இல்லை என்பவைதான் வழக்கமான குறைகள். ரிட்டர்ன் ஆன கட்டு வக்கீல் ஆபீசில் தூங்குவது உண்டு. வாரம் ஒரு முறை கேளுங்கள்.

கூடுமானவரை உத்தரவு போட்ட நீதிபதியிடமே மனு போகும். முதல் நாளில் பெரும்பாலும் அரசு வக்கீல் நோட்டீஸ் வாங்கிக்கொண்டு, "விவரம் கேட்டுச் சொல்கிறேன்" என்று இரண்டு மூன்று வாரம் வாங்குவார். இந்த இடைவெளியில்தான் ஆறு மாதம் அசையாத கோப்பு ஆறு நாளில் அசையும். அசையாவிட்டால் சட்டப்படியான நோட்டீஸ், 'ஸ்டேச்சுட்டரி நோட்டீஸ்' என்பார்கள், அதிகாரி பேருக்குப் போகும். அது வந்தால் அவர் ஆஜராக வேண்டும். வராவிட்டால் வாரண்டு வரை போகும். ஆனால் 2024 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் வகுத்த நடைமுறைப்படி அரசு அதிகாரிகளைச் சாதாரணமாக நேரில் வரவழைக்கக் கூடாது, முதலில் காணொலிதான். "கலெக்டரைக் கூண்டில் ஏற்றுகிறேன்" என்று ஊரில் சொல்லி வைத்திருந்தால் ஏமாற்றம்தான்.

நீங்கள் ஒவ்வொரு வாய்தாவுக்கும் சென்னை போக வேண்டியதில்லை. முந்தைய மாலை இணையத்தில் வரும் பட்டியலில் ஐட்டம் எண்ணைப் பாருங்கள். இணக்க அறிக்கை, அதாவது "உத்தரவை நிறைவேற்றிவிட்டோம்" என்று எதிர்த்தரப்பு கொடுக்கும் அறிக்கை, வரும் நாள் என்றால் மட்டும் போங்கள், ஏனென்றால் அதில் எழுதியிருப்பது உண்மையா என்று உடனே வக்கீல் காதில் சொல்லக்கூடியவர் நீங்கள்தான். பத்தரைக்குக் கோர்ட். ஏலகிரி எக்ஸ்பிரசில் காட்பாடியிலிருந்து கிளம்பினால் சென்ட்ரல். அங்கிருந்து மெட்ரோவில் அடுத்த நிறுத்தமே உயர் நீதிமன்றம். ஆதார் கையில் இருக்கட்டும், வாசலில் கேட்பார்கள்.

## 10. "செய்துவிட்டோம்" என்று அறிக்கை வந்தால்

இங்கே அவசரப்பட்டுத் தலையாட்டக் கூடாது. நகலைக் கேட்டு வாங்கி, உத்தரவின் கடைசிப் பத்தியோடு வரி வரியாக ஒப்பிடுங்கள்.

"நடவடிக்கையில் உள்ளது", "அரசுக்குக் கருத்துரு அனுப்பப்பட்டுள்ளது" என்பது நிறைவேற்றம் அல்ல. "ஆக்கிரமிப்பு அகற்றப்பட்டது" என்றால் போட்டோ எந்த சர்வே எண்ணில் எடுத்தது என்று கேளுங்கள். ஏரிக்கரையில் நாலு முள்செடியை வெட்டி எடுத்த படமும் அறிக்கையில் ஒட்டி வரும். பணம் என்றால் கணக்கீட்டுத் தாள் கேளுங்கள். அசல் வந்து வட்டி வராமல் இருக்கலாம்.

பரிசீலிக்கச் சொன்ன உத்தரவில், வாய்தாவுக்கு முதல் நாள் மாலை நிராகரித்து ஓர் ஆணை தயாராகி வருவது மிகவும் சகஜம். அதோடு அவமதிப்பு மனு முடிக்கப்படும். அப்போது உங்கள் வக்கீல் கேட்க வேண்டிய ஒன்று, "அந்த ஆணையை எதிர்க்கும் உரிமையோடு முடிக்கிறோம்" என்று உத்தரவில் எழுதச் சொல்வது. நிராகரிப்பு ஆணையின் நகலைச் சேர்ப்புத் தேதியோடு வாங்குங்கள், அடுத்த மேல்முறையீட்டுக் கெடு அங்கிருந்துதான்.

சில விஷயங்களில் ஒரே இணக்க அறிக்கையோடு முடிவதே இல்லை என்பதையும் சொல்ல வேண்டும். பாலாற்றுத் தோல் கழிவு வழக்கில் உச்ச நீதிமன்றம் 1996 ஆகஸ்ட் 28இல் தீர்ப்புச் சொன்னது. அதே பாதிப்புக்காக 2025 ஜனவரி 30இல் மறுபடியும் உத்தரவு போட வேண்டியிருந்தது.

## 11. நோட்டீஸ் உங்கள் பேருக்கு வந்தால்

பள்ளித் தாளாளர், ஊராட்சிச் செயலர், சங்க நிர்வாகி, சின்னக் கம்பெனிக்காரர் என்று பலருக்கும் வருகிறது. நோட்டீசை வாங்க மறுக்காதீர்கள். மறுத்தாலும் சேர்ந்ததாகவே எடுத்துக்கொள்வார்கள்.

முதலில் உத்தரவை நிறைவேற்றுங்கள், பிறகு வாதம். நிறைவேற்ற முடியாத நிஜமான காரணம் இருந்தால், கெடு முடிவதற்கு முன் கால நீட்டிப்பு மனு போடுங்கள். கெடு முடிந்து நோட்டீசும் வந்த பிறகு போடும் நீட்டிப்பு மனு, சாக்காகத்தான் படிக்கப்படும். பணம் இல்லாததால் கட்ட முடியவில்லை என்றால் கணக்குப் புத்தகத்தோடு காட்டுங்கள். இயலாமை வேண்டுமென்றே செய்த மீறல் ஆகாது. உத்தரவு தப்பு என்று பதில் மனுவில் வாதாடாதீர்கள், அதற்கு இடம் அப்பீல்.

மன்னிப்புக் கேட்பதென்றால் முதல் பிரமாணப் பத்திரத்திலேயே, நிபந்தனை இல்லாமல். "தவறு இருப்பதாக நீதிமன்றம் கருதினால் மன்னிப்புக் கோருகிறேன்" என்பது மன்னிப்பாக எடுபடாது.

## 12. தண்டனையும் அப்பீலும்

12ஆம் பிரிவில் அதிகபட்சம் ஆறு மாத வெறுங்காவல், அல்லது 2,000 ரூபாய் அபராதம், அல்லது இரண்டும். அதிகாரி ஜெயிலுக்குப் போவது அபூர்வம். மனுதாரருக்கு நஷ்டஈடு வாங்கித் தரும் சட்டமும் இது அல்ல.

தண்டனை விதித்தால்தான் 19ஆம் பிரிவில் மேல்முறையீடு: தனி நீதிபதியின் உத்தரவுக்கு 30 நாளில் இரு நீதிபதிகள் அமர்வு, அமர்வின் உத்தரவுக்கு 60 நாளில் உச்ச நீதிமன்றம். உங்கள் அவமதிப்பு மனு தள்ளுபடியானால் அந்தப் பிரிவில் உங்களுக்கு அப்பீல் கிடையாது. மனு முடிந்த உத்தரவின் சான்றிட்ட நகலையும் அன்றே விண்ணப்பித்து வாங்குங்கள். எதிர்த்தரப்பு கோர்ட்டில் கொடுத்த உறுதிமொழி அதில் பதிவாகியிருந்தால், அதை மீறினால் புதிய அவமதிப்பு மனு போடலாம், அதற்கும் ஓராண்டுதான்.